எண்களின் மெய்ப்பொருள் கூறும் கற்பனைப் பழநூல்: எந்த எண்ணிலிருந்து தொடங்குவது?

கேள்வி: வெள்ளேடு

அனைவருக்கும் வணக்கம். சில ஆண்டுகளாக நான் எழுதிவரும் புதினத்தின் நடுவில் ஓர் ஓலைச்சுவடி இருக்கிறது. எண்களின் மறைபொருளைப் பேசும் தத்துவ நூல் அது. அப்படியொரு நூல் எங்கும் இல்லை. ஆசிரியர், நூற்பாக்கள், உரை ஆகிய யாவும் என் கற்பனை. கதையின்படி நூலுக்குப் பத்து இயல்கள். அவற்றுள் ஒன்பதே கிடைத்திருக்கின்றன. காணாமற்போன பத்தாம் இயலைத் தேடுகிறவர்களின் கதைதான் புதினம்.

கதை நகர்கிறது, நூல்தான் நகர மறுக்கிறது. ஒன்றுக்கு இறைவன், இரண்டுக்கு ஒளியும் இருளும், மூன்றுக்குக் குணங்கள், நான்குக்கு வேதங்கள், ஐந்துக்குப் பூதங்கள், ஆறுக்குச் சுவைகள், ஏழுக்குச் சுரங்கள் என்று இயலுக்கு ஓர் எண்ணாக எழுதிக்கொண்டே போனேன். முடித்துவிட்டுப் படித்தபோது, எந்த இயலும் அடுத்த இயலை வேண்டி நிற்கவில்லை என்பது தெரிந்தது. மூன்றாம் இயலை உருவிவிட்டாலும் நான்காம் இயலுக்கு ஒரு குறையும் நேராது. நூலின் வரிகளைத் தனியே படித்த நண்பர் ஒருவர், இது பட்டியலாக இருக்கிறதே தவிர நூலாக இல்லை என்றார். அவர் சொன்னது சரி என்பதால்தான் இங்கே எழுதுகிறேன்.

எனக்கு மூன்று ஐயங்கள். இத்தகைய நூல் பூச்சியத்திலிருந்து தொடங்க வேண்டுமா, ஒன்றிலிருந்தா? எண்ணுக்குப் பொருள் ஏற்றிச் சொல்வதைத் தவிர, எண்ணைக் கொண்டு ஒரு தத்துவம் வேறு எவ்வாறு வாதிட முடியும்? மேலும், கதைத்தலைவி பாடல்களின் தொகையாகிய 1330 என்பதன் இலக்கங்களைக் கூட்டி ஏழு என்று கண்டு, ஏழாம் இயலில் மறைபொருள் இருப்பதாக உணரும் காட்சி ஒன்று எழுதியிருக்கிறேன். அது பழைய காலத்துக்குப் பொருந்துமா? திருக்குறளின் தொகையையே என் நூலுக்கும் வைத்திருப்பது சரியா என்ற தயக்கமும் உண்டு.

மறுமொழி: பாடபேதம்

மூன்றாவது ஐயத்தை முதலில் எடுத்துக்கொள்கிறேன். மற்ற இரண்டுக்கும் விடை அதற்குள்தான் இருக்கிறது. இலக்கங்களைக் கூட்டிப் பார்ப்பது, எண்களை இடமதிப்பு முறையில் எழுதிப் பழகிய கைக்கு இயல்பாக வருவது. பழைய தமிழ் எண்முறையில் பத்துக்கும் நூறுக்கும் ஆயிரத்துக்கும் தனித்தனிக் குறிகள் உண்டு. சுழிக்கு, அதாவது பூச்சியக் குறிக்கு, அங்கே வேலையே இல்லை. 1330 என்பதை ௲௩௱௩௰ என்று எழுதுவார்கள். அதாவது ஆயிரம், மூன்று நூறு, மூன்று பத்து. அதைப் படிக்கிறவர் கண்ணில் ஆயிரமும் நூறும் பத்தும் படும். ஒன்று, மூன்று, மூன்று, சுழி என்னும் நான்கு உருக்கள் படமாட்டா. உங்கள் தலைவி இக்காலத்தவர் என்றால் அந்தத் தவற்றை அவர் செய்யலாம். அது தவறு என்று பின்னர் அவருக்கே தெரியவருவது நல்ல திருப்பமாகவும் அமையும். ஆனால் அந்த மறைபொருளை நூலாசிரியரே வைத்தார் என்று காட்டினால், எண்முறை அறிந்த வாசகர் அந்தப் பக்கத்திலேயே நின்றுவிடுவார். 1330 என்ற தொகையையும் விட்டுவிடுங்கள். அதைப் பார்த்த கணமே எல்லார் நெஞ்சிலும் குறள்தான் வரும்.

அவ்வெண்முறையில் உங்களுக்கு வேறொரு செல்வம் கிடைக்கிறது. தமிழ் எண்குறிகளில் பல எழுத்துகளின் உருவிலேயே இருப்பவை. ஒன்று ககரம்போல் இருக்கும், இரண்டு உகரம், நான்கு சகரம், ஏழு எகரம், எட்டு அகரம், பத்து யகரம். கால் என்னும் பின்னம் வகரம். ஔவையார் பெயரில் வழங்கும் தனிப்பாடலில் ‘எட்டேகால் லட்சணமே’ என்ற வசை, எட்டை அகரமாகவும் காலை வகரமாகவும் படிக்கும்போது ‘அவலட்சணமே’ ஆகிவிடுவதை நீங்கள் அறிந்திருப்பீர்கள். அதே திறவுகோலைத் தத்துவத்தில் பயன்படுத்தியவர் திருமூலர். எட்டும் இரண்டும் அறியாதவரை ஏழையர் என்று அவர் இரங்கும்போது, கணக்குத் தெரியாதவர்களைச் சொல்கிறார் என்று மேலோட்டமாகத் தோன்றும். எட்டு அகரம், இரண்டு உகரம் என்று கொண்டால் ஓங்காரத்தின் பகுதிகள் வந்து நிற்கின்றன. கூட்டினால் பத்து, அதாவது யகரம். இங்கே பொருள் எண்ணின்மேல் வெளியிலிருந்து ஏற்றப்படவில்லை. எழுதும் முறையிலேயே அது கிடக்கிறது.

இதோடு ஓலையில் எழுதும் வழக்கத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஓலை கிழியும் என்பதால் மெய்யெழுத்துக்குப் புள்ளி குத்தாமல் விடுவார்கள். சொற்களுக்கிடையே இடமும் விடமாட்டார்கள். ஆகவே வரியின் நடுவில் ஓர் ‘அ’ வந்தால், அது அகரமா எட்டா என்று படிப்பவர்தான் முடிவு செய்ய வேண்டும். உங்கள் நூலுக்கு இரண்டு உரையாசிரியர்கள் இருந்து, ஒருவர் அதை எழுத்தாகவும் மற்றவர் எண்ணாகவும் கொண்டால், ஒரே நூற்பாவிலிருந்து இரண்டு தத்துவங்கள் பிறந்துவிடும். மறைபொருளுக்காக நீங்கள் தனியே பூட்டுச் செய்ய வேண்டிய தேவையே இல்லை.

இனிப் பூச்சியம். அதை ஓர் எண்ணாகவே கொண்டு கூட்டல், கழித்தல் முதலியவற்றுக்கு விதி கூறியவர் பிரம்மகுப்தர்; 628-ஆம் ஆண்டில் எழுதிய நூலில் அதைக் காண்கிறோம். தமிழிலோ அந்தக் குறி இல்லாமலேயே அந்த எண்ணம் இருந்ததாகக் காட்டும் இடம் பரிபாடலின் மூன்றாம் பாடல். திருமாலைப் பாடும்போது பாழ், கால், பாகு, ஒன்று, இரண்டு என்று தொடங்கும் அதன் எண்வரிசை எட்டு, தொண்டு என்று முடிகிறது. பாகு என்பது பாதி, தொண்டு என்பது ஒன்பது. பாழிலிருந்து ஒன்றுக்குப் போகும் வழியில் காலும் அரையும் நிற்பதைப் பாருங்கள். இல்லாமை சட்டென்று ஒன்றாகிவிடவில்லை. சிறிது சிறிதாக ஒன்றை நோக்கித் திரள்கிறது. உங்கள் முதல் இயலுக்கு இதைவிடச் சிறந்த வித்து கிடைக்காது என்று நினைக்கிறேன். பாழ் என்ற சொல்லையே வையுங்கள்; பூச்சியம் என்ற சொல் நூலுக்குள் வரவே வேண்டாம்.

இன்னொன்று. எண் என்ற சொல்லுக்குத் தமிழில் எண்ணிக்கை என்றும் பொருள், எண்ணம் என்றும் பொருள். எண்திசை, எண்பது என்னும்போது எட்டும் அதுவே. கணக்கிடுவதும் நினைப்பதும் ஒரே வினைச்சொல்லாக இருக்கும் மொழியில் எழுதப்படும் எண்தத்துவ நூல், எண்களைப் பற்றி மட்டும் பேசிவிட்டு எண்ணுகிறவனைப் பற்றிப் பேசாமல் போக முடியுமா?

மறுமொழி: நால்வழி

இரண்டாவது ஐயத்துக்கு என்னால் இயன்றதைச் சொல்கிறேன். எண்ணைக் கொண்டு தத்துவம் பேசியவர்களில் உலகம் மறக்காதவர்கள் பித்தகோரசின் வழியினர். பித்தகோரசு கி.மு. ஆறாம் நூற்றாண்டினர், அவர் எழுதியதாக ஒரு நூலும் நமக்குக் கிடைக்கவில்லை. எஞ்சியிருப்பவை பின்வந்தவர்களின் கூற்றுகளும் துணுக்குகளும்தாம். அவர்களுடைய ஈர்ப்பு எங்கிருந்து வந்தது என்று பாருங்கள். ஒரு நரம்பைப் பாதியாகக் குறுக்கினால் அதே சுரம் மேல்நிலையில் ஒலிக்கிறது. மூன்றில் இரண்டு பங்காக்கினால் ‘ச’விலிருந்து ‘ப’வும், நான்கில் மூன்று பங்காக்கினால் சுத்த ‘ம’வும் பிறக்கின்றன. காதுக்கு இனிமையாக இருக்கும் மூன்று உறவுகளும் 1, 2, 3, 4 என்னும் நான்கு எண்களுக்குள் அடங்கிவிட்டன. அந்த நான்கையும் கூட்டினால் பத்து. நான்கு வரிகளில் பத்துப் புள்ளிகளை முக்கோணமாக அடுக்கி, அதன்மேல் அவர்கள் சூளுரைத்தார்கள். முதலில் வந்தது கேள்வியறிவு; வணக்கம் அதற்குப் பின்னால் வந்தது. உங்கள் பட்டியலில் இந்த வரிசை தலைகீழாக இருக்கிறது: வணக்கத்தை முதலில் வைத்துவிட்டு அதற்கேற்ற பொருளைத் தேடியிருக்கிறீர்கள்.

அவர்கள் சறுக்கிய இடமும் உங்களுக்குப் பயன்படும். பத்து நிறைவான எண் என்பதால் விண்ணில் சுழலும் பொருள்களும் பத்தாக இருக்க வேண்டும் என்று கருதினார்கள். விண்மீன் கோளம், ஐந்து கோள்கள், ஞாயிறு, திங்கள், பூமி என்று எண்ணினால் ஒன்பதுதான் வருகிறது. எனவே நம் கண்ணுக்குப் படாத ‘எதிர்ப்பூமி’ ஒன்று உண்டு என்றார்கள். தோற்றங்களுக்கேற்பக் காரணம் தேடாமல், தம் கொள்கைக்கேற்பத் தோற்றங்களை இழுக்கிறார்கள் என்று அரிசுடாட்டில் இதைக் கடிந்தார். கிடைத்தவை ஒன்பது, தேடப்படுவது பத்தாவது என்னும் உங்கள் கதைக்கும் இதற்கும் உள்ள உறவை நான் சுட்டிக்காட்ட வேண்டியதில்லை.

அதைவிட ஆழமான காயம் ஒன்றும் அவர்களுக்கு ஏற்பட்டது. சதுரத்தின் பக்கத்தையும் மூலைவிட்டத்தையும் எந்த இரண்டு முழு எண்களின் விகிதமாகவும் சொல்ல முடியாது. முடியும் என்று வைத்துக்கொண்டு தொடர்ந்தால், ஒரே எண் ஒற்றையாகவும் இரட்டையாகவும் இருக்க நேர்கிறது என்பதே அதற்கான பழைய நிறுவல். ஒற்றையும் இரட்டையும் அவர்களுடைய பத்து முரண் இணைகளுள் ஒன்று. உலகையே அப்படிப் பிரித்து வைத்திருந்தார்கள். அந்தப் பிரிவு ஒரு சதுரத்துக்குள் உடைந்தது. உங்கள் நூலிலும் ஏதேனும் ஓரியலில் நூல் தன்னையே நெருக்கடிக்கு உள்ளாக்க வேண்டும் என்பது என் வேண்டுகோள். தன்மேல் ஐயமே எழாத தத்துவ நூலைப் பழையது என்று யாரும் நம்பமாட்டார்கள்.

பூதங்களை ஐந்து என்று எண்ணிவிட்டு நிறுத்தியிருக்கிறீர்கள். மாணிக்கவாசகர் போற்றித் திருவகவலில் செய்ததைப் பாருங்கள். நிலத்தில் ஐந்தாய், நீரில் நான்காய், தீயில் மூன்றாய், காற்றில் இரண்டாய், வெளியில் ஒன்றாய் இருப்பவனே என்று போற்றுகிறார். ஓசை, ஊறு, உருவம், சுவை, நாற்றம் என்னும் ஐந்து பண்புகளும் நிலத்துக்கு உண்டு. மேலே ஏற ஏற ஒவ்வொன்றாகக் கழிந்து, வெளியில் ஓசை மட்டுமே நிற்கிறது. இங்கே எண் ஒரு பெயர்ப்பலகையாக இல்லாமல் ஒரு பயணத்தின் அளவாக இருக்கிறது. ஒரு படியை உருவினால் முழு ஏணியும் விழும். உங்கள் நண்பர் தேடியது இதைத்தான் என்று தோன்றுகிறது.

மறுமொழி: முந்திரிக்கணக்கு

மேலே எழுதிய இருவரின் கருத்துகளையும் மதிக்கிறேன். ஆயினும் ஓரிடத்தில் மாறுபடுகிறேன். பழைய நூல்களில் வரும் எண்கள் எல்லாவற்றையும் மறைபொருளாகக் கொள்ளக் கூடாது. தொல்காப்பியம் மூன்று அதிகாரமும் அதிகாரத்துக்கு ஒன்பது இயலுமாக அமைந்ததும், உணர்வின் வெளிப்பாடாகிய மெய்ப்பாடு எட்டு என்று அது வகுத்ததும், மனனம் செய்கிறவருக்கு ஒன்றும் விட்டுப்போகாமல் இருக்க உதவின. உங்கள் நூலில் சில எண்கள் வெறும் எண்களாகவே இருக்கட்டும். எல்லா எண்ணும் பேசினால் எதன் குரலும் கேட்காது.

என் பங்குக்கு ஒன்றே ஒன்று சொல்ல விரும்புகிறேன். எல்லாரும் ஒன்றிலிருந்து மேலே ஏறுவதையே நினைக்கிறீர்கள். தமிழ்க் கணக்கில் ஒன்றும் அதற்கு மேலும் செல்லும் மேல்வாய் இலக்கம் போலவே, ஒன்றுக்குக் கீழான பின்னங்களாகிய கீழ்வாய் இலக்கமும் உண்டு. நான்கு முந்திரி ஒரு காணி. நான்கு காணி ஒரு மா. ஐந்து மா ஒரு கால். நான்கு கால் ஒன்று. ஆக முந்திரி என்பது 320-இல் ஒரு பங்கு. அந்த முந்திரியையே மீண்டும் 320 கூறாக்கினால் கீழ்முந்திரி. அது 1,02,400-இல் ஒரு பங்கு. அதற்குக் கீழே இம்மி முதலிய பெயர்கள் வருகின்றன. இவ்வளவு நுண்ணிய பங்குகளுக்குத் தனித்தனியே பெயர் வைத்து வாய்பாடாக ஓதிய மரபில் ஒரு தத்துவி பிறந்திருந்தால், ஒன்றை அவர் தொடக்கமாகக் கொண்டிருப்பாரா? ஒன்று என்பது எண்ணற்ற சிறுபங்குகள் கூடி நிற்கும் ஒரு கூட்டம் என்றல்லவா அவருக்குத் தோன்றியிருக்கும்? கிரேக்கக் கணித அறிஞர் யூக்ளிட் தம் நூலின் ஏழாம் புத்தகத்தில் அலகுகளின் கூட்டமே எண் என்று வரையறுத்தார். அதன்படி ஒன்று எண்ணே ஆகாது, எண்களை ஆக்கும் பொருள் மட்டுமே. நம் கணக்கோ அந்த ஒன்றையும் உடைத்துப் பார்க்கிறது. பாடபேதம் காட்டிய பரிபாடல் வரியில் ஒன்றுக்கு முன் கால் வருவதும் இதனோடு ஒத்துப்போகிறது. உங்கள் நூலின் நடு இயல் ஒன்று மேலே ஏறாமல் கீழே இறங்கட்டும். எவ்வளவு இறங்கினாலும் பாழைத் தொட முடியாமல் நிற்கட்டும். நால்வழி கேட்ட நெருக்கடி அங்கேயே கிடைத்துவிடும்.

கேட்டவர்: வெள்ளேடு

மூவருக்கும் என் நன்றி. இரண்டு நாள்களாக வேறொன்றும் ஓடவில்லை. எண்ணுக்கு ஓர் இயல் என்ற திட்டத்தைக் கைவிட்டுவிட்டேன். முதல் இயல் பாழில் தொடங்கிக் கால், பாகு வழியாக ஒன்றை அடைகிறது; ஐந்தாம் இயல் கீழ்வாய் இலக்கத்தில் இறங்குகிறது; இலக்கங்களைக் கூட்டும் காட்சி, தலைவி செய்யும் தவறாக மாறிவிட்டது.

எண்ணுகிறவனைப் பற்றிப் பேசாமல் போக முடியுமா என்று பாடபேதம் கேட்ட கேள்விதான் என்னை உலுக்கியது. ஆற்றைக் கடந்த பத்துப் பேர் கதை நினைவுக்கு வந்தது. கரையேறியதும் ஒவ்வொருவரும் தம்மை விட்டுவிட்டு மற்றவர்களை எண்ணி, ஒன்பதுதான் இருக்கிறோம், ஒருவர் ஆற்றோடு போய்விட்டார் என்று அழுகிறார்கள். வழிப்போக்கர் ஒருவர் வந்து, பத்தாமவன் நீயே என்கிறார். அத்வைத நூல்களில் இது உவமையாகப் பலமுறை வருகிறது. வித்தியாரணியர் பஞ்சதசியில் இதை விரித்துப் பேசுகிறார். நால்வழி சொன்ன கிரேக்கர்கள் குறைந்த பத்தாவதை விண்ணில் வைத்தார்கள்; இந்தக் கதை அதை எண்ணுகிறவனிடமே திருப்பிக் கொடுக்கிறது. என் சுவடியின் பத்தாம் இயல் தொலைந்துபோகவில்லை, அது எழுதப்படவே இல்லை என்று இப்போது எனக்குத் தெரிகிறது. ஒன்பதாம் இயலின் இறுதி நூற்பாவை இவ்வாறு எழுதிப் பார்த்தேன். திருத்தங்களை வேண்டி வைக்கிறேன்.

எண்ணப் படுவன எண்ணினுள் அடங்கும்;
எண்ணும் ஒருவன் எண்ணினுள் அடங்கான்;
ஒன்பதில் நின்ற தொகையே
கண்டவன் தன்னைக் காணாக் குறையே.

மறுமொழி: பாடபேதம்

முதலிரண்டு அடிகளும் அப்படியே இருக்கலாம். ஈற்றயலடி, அதாவது கடைசிக்கு முந்திய அடி, முச்சீராய் வந்து நேரிசை ஆசிரியப்பாவின் அமைப்பும் பொருந்தியிருக்கிறது. மூன்றாம் அடியில் மட்டும் ஒரு சொல்லை மாற்றப் பரிந்துரைக்கிறேன். ‘ஒன்பதில்’ என்பதற்கு மாறாகத் ‘தொண்டொடு நின்ற தொகையே’ என்று வைத்துப் பாருங்கள். ‘தொண்டொடு’ என்பதற்கும் அடுத்த அடியின் ‘கண்டவன்’ என்பதற்கும் எதுகை விழுகிறது; தொகையோடு மோனையும் சேர்கிறது. ஒன்பதைக் குறிக்கும் அந்தப் பழைய பெயர் வழக்கொழிந்துவிட்டது. தொண்ணூறு, தொள்ளாயிரம் என்பவற்றில் மட்டும் அதன் சாயல் தங்கியிருக்கிறது. முதல் இயலைப் பரிபாடல் வரியின் பாழில் தொடங்கிய நீங்கள், அதே வரி முடியும் சொல்லில் ஒன்பதாம் இயலை முடித்தவராவீர்கள்.

இதில் உங்கள் கதைக்கு ஆகும் ஒரு செய்தியும் உண்டு. தொண்டு என்றால் ஒன்பது என்பதை மறந்துபோன காலத்தில் வாழ்ந்த உரையாசிரியர் அந்த அடியை எப்படிப் படித்திருப்பார்? தொண்டு செய்து நிற்கும் அடியார் கூட்டம் என்றே பொருள் கொண்டிருப்பார். தன்னைக் காணாமை என்பதைத் தன்னலம் மறத்தல் என்று விரித்து, குறை என்ற சொல்லுக்கு வேண்டுகோள் என்று பொருள் கூறியிருப்பார். அந்த உரையும் அழகாகத்தான் இருக்கும்; அதை நம்பி வாழ்ந்தவர்களும் இருப்பார்கள். அவ்வுரையின் வழியே நூலைப் பயின்ற உங்கள் தலைவி, ஒரு நாள் பரிபாடலைப் புரட்டும்போது எட்டுக்கு அடுத்து அந்தச் சொல்லைக் காணட்டும்.